முன்பாதி சார், பின்பாதி டீச்சர்

எங்கள் வீட்டுக்கும் மைக்கேல்ராஜ் சார் வீட்டுக்கும் நடுவில் இருப்பது ஒற்றைச் செங்கல் சுவர். கட்டும்போதே கொத்தனார் சொன்னார், இன்னும் கொஞ்சம் அகலமாக வைத்துக்கொள்ளலாம் என்று. இடம் போய்விடும் என்று நான்தான் வேண்டாம் என்றேன். அதனால் பதினோரு வருடமாக அந்த வீட்டில் தும்மினால் இந்த வீட்டில் கேட்கிறது.

நான் சிவபாண்டி. முப்பத்தோரு வருடம் டவுன் பஸ்ஸில் கண்டக்டர். சொந்த ஊர் டி. கல்லுப்பட்டிக்குப் பக்கம். அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் காட்டில் களை எடுத்தவர்கள். மதுரைக்கு வேலைக்கு வந்த புதிதில் வாடகைக்கு வீடு கேட்டுப் போனால் முதலில் எந்த ஊர் என்பார்கள், அடுத்து எந்தத் தெரு என்பார்கள், அதற்கப்புறம் வீடு காலி இல்லை என்பார்கள். நாய் படாத பாடு பட்டேன். அதனால் வில்லாபுரத்தில் இந்த வீட்டைக் கட்டி ஒரு பகுதியை வாடகைக்கு விட்டபோது யாரிடமும் எதையும் விசாரிப்பதில்லை என்று வைத்துக்கொண்டேன். மைக்கேல்ராஜ் சார் வந்து நின்றபோது ஒன்றே ஒன்றுதான் கேட்டேன்.

“தண்ணி மோட்டார நாந்தான் போடுவேன். நீங்க சுவிச்சத் தொடக் கூடாது. சம்மதமா?”

சார் யோசித்தார். அவர் ஒரு மிஷன் பள்ளிக்கூடத்தில் ஹெட் கிளார்க். எதற்கும் யோசித்துத்தான் பதில் சொல்வார். அதற்குள் பஸ் இரண்டு ஸ்டாப் தாண்டிவிடும். அவருக்குப் பின்னால் நின்றிருந்த அவர் மனைவி ஐரின் டீச்சர், “சம்மதம்ணே. ஆனா காலைல ஆறு மணிக்குத் தண்ணி வரலைன்னா உங்க கதவத் தட்டுவேன்” என்றார். சொன்னபடியே தட்டினார். டீச்சர் அதே பள்ளியில் மூன்றாம் வகுப்பு. நாற்பது பிள்ளைகளை அடக்கிப் பழகிய தொண்டை. எங்கள் தெருவில் கீரை விற்கிற ஒச்சாயிகூட டீச்சர் குரலைக் கேட்டால் தன் குரலைக் கொஞ்சம் இறக்கிக்கொள்ளும்.

அவர்கள் கத்தோலிக்கர்கள். தினமும் சாயங்காலம் ஏழு மணிக்கு ஜெபமாலை சொல்வார்கள். ஐம்பத்து மூன்று மணி ஜெபம் என்று அதற்குப் பெயர். மங்கள வார்த்தை என்கிற ஒரே ஜெபத்தை, கையில் உருட்டுகிற மாலையின் ஒவ்வொரு மணிக்கும் ஒரு தடவையாக, ஐம்பத்து மூன்று தடவை சொல்ல வேண்டும். பத்துப் பத்தாக ஐந்து பத்து, ஆரம்பத்தில் ஒரு மூன்று. அதையும் ஒருவரே சொல்லக் கூடாது. ஒருவர் முன்பாதியைச் சொல்லி நிறுத்த வேண்டும், மற்றவர் பின்பாதியைச் சொல்லி முடிக்க வேண்டும். அந்த வீட்டில் முன்பாதி எப்போதும் சார்தான், பின்பாதி டீச்சர். மகள் ஆன்சி கல்யாணமாகிக் கோயம்புத்தூர் போகிறவரை அவளும் பின்பாதியில் சேர்ந்துகொள்வாள்.

என் மனைவி பாண்டியம்மாளுக்கு ஏழு மணிக்கு சீரியல். முதல் மாதம் டிவி சத்தத்தைக் கூட்டிப் பார்த்தாள். டீச்சர் குரலோடு போட்டி போட டிவியால் முடியவில்லை. “நாலு வார்த்தை கேக்காம விடுறதில்லை” என்று சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு போனாள். ஒரு மணி நேரம் கழித்து ஒரு தட்டு முறுக்கோடு திரும்பி வந்தாள். “நல்ல பொம்பளங்க” என்றாள். அதற்குப் பிறகு சீரியலும் ஓடும், சுவருக்கு அந்தப் பக்கம் ஜெபமும் ஓடும். எனக்கே பாதி மனப்பாடம் ஆகிவிட்டது. இதையெல்லாம் இப்போது சிரித்துக்கொண்டு சொல்கிறேன். போன அக்டோபரில் இருந்து அந்தச் சுவர் சத்தமில்லாமல் கிடந்ததைச் சொல்வதற்குத்தான் இவ்வளவும்.

அக்டோபர் அவர்களுக்கு ஜெபமாலை மாதம். அன்பியம் என்று பக்கத்துத் தெருக் குடும்பங்கள் பதினைந்து இருபது சேர்ந்து ஒரு குழுவாக இருப்பார்கள். அந்த மாதம் முழுக்க மாதா சுரூபம், அதாவது சிலை, தினம் ஒரு வீட்டுக்கு வரும். எந்த வீட்டுக்கு வருகிறதோ அங்கே எல்லோரும் கூடி ஜெபம் சொல்லி, சுண்டல் சாப்பிட்டுப் போவார்கள். சார் வீட்டு முறை ஒரு வியாழக்கிழமை வந்தது. நாங்களும் போயிருந்தோம். நான் ஸ்டூலில் ஏறி சுரூபத்துக்கு மேலே சீரியல் பல்பு கட்டிக்கொண்டிருந்தேன்.

மணி ஆறு இருக்கும். டீச்சர் அடுக்களையில் இருந்து வந்தார். வலது கையை இடது கையால் பிடித்திருந்தார். “என்னங்க, மூணு மணிக்கு மரத்துப்போன கை இன்னும் சரியாகல. இப்ப நாக்கும் தடிச்சாப்புல இருக்கு. ஆஸ்பத்திரிக்குப் போயிருவமா?” என்று சாரிடம் கேட்டார்.

சார் வாசலைப் பார்த்தார். ஜனங்கள் வர ஆரம்பித்திருந்தார்கள். “சனமெல்லாம் வந்துட்டாங்களே ஐரின். மாதா நம்ம வீட்டுக்கு வந்துருக்கா. ஜெபத்த முடிச்சுட்டுப் போயிருவோம். கொஞ்ச நேரந்தான” என்றார். டீச்சர் சரி என்று தலையாட்டினார். மாதா வந்திருக்கும் வீட்டில் தனக்கு ஒன்றும் ஆகாது என்று அவரும் நினைத்திருப்பார்.

அவர்கள் பேசியது என் காதிலும் விழுந்தது. இதை நான் மறைக்கப் போவதில்லை. பஸ்ஸில் ஒருவருக்கு வாய் கோணுகிறது என்றால் ரூட்டையும் டைமையும் பார்க்காமல் வண்டியை நேரே ஆஸ்பத்திரிக்கு விடச் சொன்னவன் நான். இரண்டு தடவை சொல்லியிருக்கிறேன். அன்றைக்கு ஸ்டூலை விட்டு இறங்கவில்லை. அடுத்தவர்கள் சாமி காரியம், நாம் குறுக்கே பேசினால் நன்றாக இருக்காது என்று பல்பை மாட்டிக்கொண்டிருந்தேன். அந்த ஸ்டூலைப் பார்த்தால் இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வருகிறது.

ஏழு மணிக்கு ஆரம்பித்தார்கள். சார் முன்பாதி, கூடியிருந்த எல்லோரும் பின்பாதி. மூன்றாவது பத்து ஓடும்போது டீச்சர் கையில் இருந்த ஜெபமாலை கீழே விழுந்தது. இடது கையால் எடுத்துக்கொண்டார். அதற்கப்புறம் அவர் குரல் மட்டும் குழறியது. பக்கத்தில் இருந்த பெண்கள், அழுகை முட்டுகிறது போல என்று நினைத்து அவர் தோளைத் தடவிக் கொடுத்தார்கள். ஜெபம் முடிந்து, பாட்டும் முடிந்து எல்லோரும் எழுந்தபோது டீச்சரால் எழுந்திருக்க முடியவில்லை. வாய் ஒரு பக்கம் இறங்கியிருந்தது.

ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர எட்டரை. டாக்டர் எப்போது ஆரம்பித்தது என்று கேட்டார். சார், “மூணு மணி” என்றார். டாக்டர் கடிகாரத்தைப் பார்த்தார். “நாலரை மணி நேரத்துக்குள்ள வந்தா போடுறதுக்கு ஒரு ஊசி இருக்கு. ஒரு மணி நேரம் தாண்டிருச்சுங்களே” என்றார். அந்த ஒரு மணி நேரம் எங்கே போனது என்று சாருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

டீச்சர் பிழைத்துக்கொண்டார். வலது கையும் காலும் போய்விட்டன. பேச்சும் போய்விட்டது. முழுதாகப் போயிருந்தால்கூடப் பரவாயில்லை, ஒரே ஒரு வார்த்தை மிச்சம் இருந்தது: “அதான்.” தண்ணி வேண்டுமா என்றால் “அதான்.” வலிக்கிறதா என்றால் “அதான்.” ஆன்சி போனில் அம்மா, அம்மா என்று அழுதால் அதற்கும் “அதான்.” சொல்ல வந்தது வேறு, வாயில் வருவது வேறு என்று அவருக்கே தெரியும். அதனால் சொல்லிவிட்டு, அது இல்லை என்று தலையை ஆட்டுவார். மூன்றாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு வாய்ப்பாடு சொல்லிக்கொடுத்த அந்தக் குரல் இப்படி ஒற்றை வார்த்தையில் சிக்கிக் கிடந்ததைப் பார்க்க என்னால் முடியவில்லை. நான் போனால் இரண்டு நிமிடத்துக்கு மேல் உட்கார மாட்டேன். மோட்டார் போட வேண்டும் என்று சொல்லிவிட்டு வந்துவிடுவேன்.

சார் ஜெபமாலையைக் காலண்டர் ஆணியில் மாட்டினார். அதன் மேல் காலண்டரை மாட்டினார். அதோடு சரி. ஏழு மணி ஆனால் சட்டையைப் போட்டுக்கொண்டு தெருமுனை வரை போய் நின்றுவிட்டு வருவார். அன்பியத்து ஆட்கள் வந்து ஜெபம் சொல்கிறோம் என்றால், “அவ தூங்குறா” என்பார். சர்ச்சில் இருந்து சாமியார் வந்தபோது காபி கொடுத்து, பள்ளிக்கூட விஷயம் பேசி, வழியனுப்பிவிட்டார். மற்ற வேலைகளில் ஒரு குறை வைக்கவில்லை. காலை நான்கு மணிக்கு எழுந்து டீச்சரைத் திருப்பிப் படுக்கவைப்பது, துடைப்பது, துணி அலசுவது, கஞ்சி காய்ச்சுவது, கையை நீட்டி மடக்கிப் பயிற்சி கொடுப்பது, வாரம் இரண்டு நாள் ஆட்டோவில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவது. ஆள் வைத்துக்கொள்ளச் சொன்னால் கேட்க மாட்டார். ஆன்சி வந்து பத்து நாள் இருந்து, “கோயம்புத்தூருக்கு வந்துருங்கப்பா” என்று கெஞ்சினாள். அதற்கும் மாட்டேன் என்றார். சட்டைப் பொத்தானை மாற்றி மாட்டிக்கொண்டு திரிவார். ஒரு நாள் தண்ணீர்க் குடத்தின் மேல் கையை வைத்தபடி நின்றுகொண்டே தூங்கினார். குடம் நிரம்பி வழிந்து அவர் கால் நனைந்தும் அவருக்கு விழிப்பு வரவில்லை.

தை மாதம் ஒரு சாயங்காலம் கரண்ட் போய்விட்டது. சார் மருந்து வாங்கப் போயிருந்தார். டீச்சருக்குத் துணையாகப் பாண்டியம்மாள் உட்கார்ந்து தலை வாரிவிட்டுக்கொண்டிருந்தாள். ஏழு மணி. சீரியல் இல்லை, பேச்சும் இல்லை. கை பாட்டுக்கு வாரிக்கொண்டிருக்க, அவள் வாய் பாட்டுக்கு எதையோ முணுமுணுத்திருக்கிறது. பதினோரு வருடம் சுவர் வழியாகக் கேட்ட மங்கள வார்த்தையின் முன்பாதி. சொல்லி, சார் நிறுத்துகிற இடத்தில் நிறுத்தியிருக்கிறாள்.

டீச்சர் பின்பாதியைச் சொன்னார்.

“ஏங்க! இங்க வாங்க! ஏங்க!” என்று அவள் போட்ட சத்தத்தில் நான் டீச்சருக்கு என்னவோ ஆகிவிட்டது என்று செருப்பில்லாமல் ஓடினேன். பாண்டியம்மாள் சீப்பைக் கீழே போட்டுவிட்டு நின்றுகொண்டிருந்தாள். “டீச்சர் பேசுறாங்க” என்றாள். நான் நம்பவில்லை. “இந்தா பாருங்க” என்று மறுபடி முன்பாதியைச் சொன்னாள். டீச்சர் ஒரு எழுத்துக் குழறாமல், அந்தப் பழைய குரலில், ஆமென் வரைக்கும் முழுக்கச் சொன்னார்.

எனக்குக் கண்டக்டர் புத்தி. ஏமாற்றுகிறார்களா என்று டிக்கெட்டைத் திருப்பிப் பார்க்கிற புத்தி. நானே ஒரு தடவை முன்பாதியைச் சொன்னேன். எனக்கும் பதில் வந்தது. சரி, இதையே சாக்காக வைத்து வேறு ஏதாவது பேசவைக்கலாம் என்று, முன்பாதியைச் சொல்லி முடித்த கையோடு, “தண்ணி குடிக்கிறீங்களா டீச்சர்?” என்று நடுவில் நுழைத்தேன். டீச்சர் என்னைப் பார்த்த பார்வையில் நான் மூன்றாம் வகுப்புக் கடைசி பெஞ்சில் இருந்தேன். “அதான்” என்றார். அப்புறம் அவராலேயே சிரிப்பை அடக்க முடியவில்லை. வாய் ஒரு பக்கம் மட்டும் சிரித்தது. மூன்று மாதத்தில் அந்த வீட்டில் நான் பார்த்த முதல் சிரிப்பு.

மருந்துப் பையோடு சார் வந்தார். பாண்டியம்மாள் வாயெல்லாம் பல்லாகச் சொல்லச் சொல்ல அவர் முகம் கறுத்துக்கொண்டே போனது.

“அக்கா, அந்த ஜெபத்த இந்த வீட்ல சொல்லாதீங்க” என்றார்.

அதிர்ந்துகூடப் பேசாத மனிதர். சத்தம் போட்டிருந்தால்கூடத் தாங்கியிருப்போம். தணிந்த குரலில் சொல்லிவிட்டு மருந்தைப் பிரித்து அடுக்க ஆரம்பித்தார். பாண்டியம்மாள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு வந்துவிட்டாள்.

அந்த வாரம் ஆஸ்பத்திரிக்கு நானும் கூடப் போனேன். பேச்சுப் பயிற்சி கொடுக்கிற அம்மாவிடம் நானே போட்டு உடைத்தேன். அவருக்கு ஆச்சரியமே இல்லை. “இது உண்டுங்க. புதுசா யோசிச்சுப் பேசுற எடம் அடிபட்டிருக்கு. வருசக் கணக்காச் சொல்லிச் சொல்லிப் பழகுனது தனியாத் தப்பிச்சிருக்கு. தினமும் சொல்ல வைங்க, வாயும் நாக்கும் பழகும். அதப் பிடிச்சு வேற வார்த்தையும் வரலாம், வராமலும் போகலாம்” என்றார். அப்புறம் சாரைப் பார்த்து, “யாராவது ஆரம்பிச்சுக் குடுக்கணும் சார். அவங்களா ஆரம்பிக்கிறது கஷ்டம்” என்றார். சார் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்று முதல், ஏழு மணிக்குப் பாண்டியம்மாள் சீரியலை அணைத்துவிட்டுப் போக ஆரம்பித்தாள். சார் வேண்டாம் என்று சொல்லவில்லை, இருந்து கேட்கவும் இல்லை. அவள் உள்ளே போனால் அவர் தெருமுனைக்கு வந்துவிடுவார். நானும் துணைக்கு நிற்பேன். எங்கள் தலைக்கு மேலே விமானம் தாழ்வாக இறங்கும். அதை அண்ணாந்து பார்த்துக்கொண்டே நிற்போம்.

இரண்டு வாரம் பொறுத்தேன். அதற்கு மேல் எனக்குப் பொறுமை கிடையாது.

“சார், என் பொண்டாட்டிக்குச் சாமியே வேற. அவ உள்ள உக்காந்து உங்க ஜெபத்தச் சொல்லிக்கிட்டு இருக்கா. நீங்க இங்க நின்னு பிளேனப் பாத்துக்கிட்டு இருக்கீங்க. நியாயமா இது?”

சார் அண்ணாந்திருந்த தலையை இறக்கினார். “நான் முன்பாதியச் சொல்லச் சொல்லத்தாண்ணே அவ கை விழுந்துச்சு” என்றார். “மூணாவது பத்துல. நான் பாத்தேன். மாலை விழுந்ததப் பாத்தேன். பாத்துட்டும் அடுத்த மணிக்குப் போனேன். எங்கிட்ட ஆஸ்பத்திரின்னு வாயத் திறந்து கேட்டவ அவ. அந்த வாய அடச்சது நான். எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு மறுபடி அதையே சொல்லுவேன்?”

“நானும் ஸ்டூல்ல நின்னு கேட்டுக்கிட்டுத்தான் சார் இருந்தேன்” என்றேன். இதை அதுவரை நான் யாரிடமும் சொன்னதில்லை. சார் என் தோளில் கையை வைத்தார். இரண்டு பேரும் வீட்டுக்கு வந்தோம்.

எனக்கு அவர்கள் ஜெபத்தின் அர்த்தமெல்லாம் முழுக்கத் தெரியாது. எனக்குத் தெரிந்தது பஸ். ஓடுகிற பஸ்ஸில் மேலே ஒரு கம்பி இருக்கும். எத்தனையோ பேர் பிடித்துப் பிடித்து வழவழ என்றாகியிருக்கும். அதை யாரும் ஏறெடுத்துப் பார்ப்பதில்லை. டிரைவர் திடீரென்று பிரேக் போட்டால் எல்லாருடைய கையும் தானாக அதற்குத்தான் போகும். டீச்சருக்கு விழுந்தது பெரிய பிரேக். கையில் சிக்கியது அந்த வார்த்தைகள். எத்தனை தலைமுறை ஜனங்கள் சாவுக்கும் நோவுக்கும் சொல்லித் தேய்த்த வார்த்தைகளோ. சாருக்குக் கம்பி கைக்கு எட்டுகிற தூரத்தில் இருந்தும் கையைத் தூக்கத் தெம்பு இல்லை. அவ்வளவுதான் நான் புரிந்துகொண்டது.

மாசிப் பச்சைத் திருவிழா வந்தது. சிவராத்திரிக்கு எங்கள் பக்கத்து ஜனம் எங்கே இருந்தாலும் குலசாமி கோயிலுக்குப் போய்ச் சேர்ந்துவிடும். நாங்களும் கல்லுப்பட்டிக்குப் போயாக வேண்டும், மூன்று நாள். பாண்டியம்மாளுக்குப் போகவும் மனமில்லை, போகாமல் இருக்கவும் பயம். கிளம்பும்போது சாரிடம் போய், “ஏழு மணிக்கு டீச்சர் எதிர்பார்ப்பாங்க, சார்” என்று மட்டும் சொன்னாள். “போயிட்டு வாங்கக்கா” என்றார் சார். ஊரில் மூன்று நாளும் ஏழு மணி ஆனால் அவள் என் முகத்தைப் பார்ப்பாள். நான் வேறு பக்கம் பார்ப்பேன்.

மூன்றாம் நாள் திரும்பி வந்தோம். கோயில் பொங்கலும் கிடாக் கறிக் குழம்பும் இரண்டு தூக்குச்சட்டியில். பஸ்ஸை விட்டு இறங்கித் தெருவுக்குள் வரும்போது ஏழு தாண்டிவிட்டது. எங்கள் கதவைக்கூடத் திறக்கவில்லை. சார் வீட்டுக் கதவு ஒருக்களித்துக் கிடந்தது. உள்ளே இருந்து சார் குரல். முன்பாதி.

பாண்டியம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். அப்படியே வாசற்படியில் நின்றுவிட்டோம்.

டீச்சர் கட்டிலில் தலையணைக்குச் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். சார் பக்கத்தில் நாற்காலியில் இருந்தார். ஜெபமாலை இருவருக்கும் நடுவில், ஒரு முனை அவர் கையில், மறுமுனை டீச்சரின் இடது கையில். சாரின் குரலில் பக்தி கிக்தி ஒன்றும் இல்லை. பத்து மூட்டை தூக்கியவன் பதினோராவது மூட்டையைத் தூக்குகிற மாதிரி இருந்தது. ஆனால் சொல்லிக்கொண்டிருந்தார். பின்னால் அவர் சொல்லித் தெரிந்துகொண்டேன்: முதல் நாள் ஏழு மணியில் இருந்து எட்டு மணி வரை டீச்சர் வாசலையே பார்த்துக்கொண்டு, சத்தமில்லாமல் அழுதாராம். இரண்டாவது நாள் சார் காலண்டரைக் கழற்றி மாலையை எடுத்திருக்கிறார். இரண்டு பத்துக்கு மேல் அன்றைக்குப் போக முடியவில்லையாம். நாங்கள் வந்து நின்றது அதற்கு மறுநாள்.

இரண்டாவது பத்து முடிந்தது. மூன்றாவது பத்தின் முதல் மணி போனது. இரண்டாவது போனது. மூன்றாவது மணிக்கு சார் வாயைத் திறந்தார், வார்த்தை வரவில்லை. டீச்சர் காத்திருந்தார். சார் மாலையை விட்டுவிட்டு இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார்.

“ஐரின், ஆஸ்பத்திரிக்குப் போவமான்னு கேட்டியே” என்றார். “ஜெபத்த முடிச்சுட்டுப் போவோம்னு சொன்னேனே. உன் கை விழுந்ததப் பாத்தேன் ஐரின். பாத்துட்டும் சொல்லிக்கிட்டேதான இருந்தேன். சனம் என்ன நினைக்கும்னு இருந்துட்டேன். என்னால இதுக்கு மேல முடியல. சொல்லவும் முடியல, சொல்லாம இருக்கவும் முடியல.”

அவர் அழுவதை அன்றைக்குத்தான் முதலில் பார்த்தேன். பல்லைக் கடித்துக்கொண்டு அழுதார். ஐந்து மாதமாக அடைத்து வைத்திருந்தது அவ்வளவும் வந்தது. எனக்கும் கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. தூக்குச்சட்டி கையில் இருந்ததால் துடைக்கவும் வழியில்லை.

“அதான்” என்றார் டீச்சர்.

அப்புறம், அது இல்லை என்று தலையை ஆட்டினார். உதட்டைக் கூட்டி என்னவோ சொல்லப் பார்த்தார். மறுபடி “அதான்” தான் வந்தது. கோபத்தில் இடது கையால் மெத்தையைக் குத்தினார். அந்த நேரத்தில் அவருக்கு இருந்த சொல் மொத்தமும் அந்த ஒன்றுதான், அது உதவவில்லை.

பிறகு டீச்சர் கட்டிலில் கிடந்த மாலையை இழுத்தார். விரலால் தடவித் தடவி, சார் விட்ட மணியைக் கண்டுபிடித்தார். மூன்றாவது பத்து, மூன்றாவது மணி. சாரின் கையை முகத்தில் இருந்து இறக்கி, அந்த மணியை அவர் விரல்களுக்கு நடுவில் வைத்து, தன் கையால் மூடிப் பிடித்துக்கொண்டார்.

முன்பாதியைச் சொன்னார்.

பதினோரு வருடத்தில் அந்த வாயில் இருந்து முன்பாதியை நான் கேட்டதே இல்லை. மெதுவாக, நடுவில் ஒரு தடவை தடுக்கி, மறுபடி பிடித்துக்கொண்டு, முன்பாதி முடிகிற இடம் வரை வந்தார். அங்கே நிறுத்தினார். நிறுத்திவிட்டு சாரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

பேச்சுப் பயிற்சி அம்மாவிடம் சொன்னால் இதற்கும் ஒரு காரணம் சொல்வார். பழக்கத்தில் அடுத்து வர வேண்டியது வந்திருக்கிறது என்பார். இருக்கட்டும். அந்த மணியைத் தேடி எடுத்து அவர் கையில் வைத்தது பழக்கம் இல்லை. எனக்கு அது நன்றாகத் தெரியும். நான் பார்த்துக்கொண்டு நின்றேன்.

பாதியில் நின்ற ஜெபம் அந்த அறையில் அப்படியே நின்றது. என் பக்கத்தில் பாண்டியம்மாள் மூச்சை இழுப்பது கேட்டது. பழக்க தோஷம், பின்பாதியைச் சொல்ல அவள் வாயைத் திறந்துவிட்டாள். நான் தூக்குச்சட்டியைக் கீழே வைத்துவிட்டு அவள் வாயைப் பொத்தினேன்.

“பேசாம இரு புள்ள. அது அவரு சொல்ல வேண்டியது” என்றேன் அவள் காதில்.

அன்றைக்கு ஸ்டூலில் நின்று பேச வேண்டிய நேரத்தில் பேசாமல் இருந்தேன். இன்றைக்குப் பேசாமல் இருக்க வேண்டிய நேரத்திலாவது சரியாக இருந்தேன் என்று நினைத்துக்கொள்கிறேன்.

டீச்சர் காத்துக்கொண்டே இருந்தார். வகுப்பில் பதில் தெரிந்தும் சொல்லப் பயப்படுகிற பிள்ளைக்காக அவர் இப்படித்தான் காத்திருப்பார் போலிருக்கிறது. அவசரமே இல்லை.

சார் மூக்கை உறிஞ்சினார். தொண்டையைச் செருமினார். அப்புறம் பின்பாதியைச் சொன்னார், ஆமென் வரைக்கும்.

டீச்சர் மாலையில் அடுத்த மணிக்குப் போனார். மீதிப் பத்துகள் முடிய இன்னும் இருபது நிமிடம் ஆனது. அதுவரை நாங்கள் வாசற்படியிலேயே உட்கார்ந்திருந்தோம். குழம்பு ஆறிப்போயிருந்தது. சார் அதை அடுப்பில் வைத்துச் சுட வைத்து, டீச்சருக்கு முதலில் ஊட்டிவிட்டு, பிறகு அவர் சாப்பிட்டார்.